படியிலிருந்து தொடங்குங்கள்

இந்தக் கோடையில் பின்வளவில் டெக் கட்ட இருக்கும் ரொறன்ரோப் பெரும்பாகத் தமிழ்க் குடும்பங்களுக்கு,



பனி உருகி முடியவில்லை, அதற்குள் தொலைபேசி ஓயாமல் அடிக்கத் தொடங்கிவிட்டது. விக்டோரியா டே நீண்ட வார இறுதிக்கு முன் டெக் வேண்டும், மகளின் பிறந்தநாளுக்கு முன் வேண்டும், ஊரிலிருந்து அம்மா வந்து இறங்குவதற்கு முன் வேண்டும் என்று ஆளாளுக்கு ஓர் அவசரம். ஸ்காபரோவிலிருந்து ஏஜாக்ஸ் வரைக்கும், மார்க்கத்திலிருந்து பிரம்டன் வரைக்கும் கேள்விகள் ஒரே வரிசையில்தான் வருகின்றன: என்ன நிறப் பலகை, கொம்போசிற்றா மரமா, கண்ணாடித் தடுப்புப் போடலாமா, சதுர அடிக்கு எவ்வளவு? படியைப் பற்றி யாரும் கேட்பதில்லை. பேச்சு முடிந்து காரில் ஏறும்போது, "அண்ணை, பக்கத்தில ஒரு படியும் போட்டு விடுங்கோ" என்பார்கள். அவ்வளவுதான்.

டெக் வேலையில் பிழைக்கும் ஒருவன் என்ற முறையில் உங்களிடம் நான் கேட்பது ஒன்றுதான். படியைக் கடைசிக்குத் தள்ளாதீர்கள். டெக்கின் உயரம், அகலம், இறங்கும் பக்கம், கீழே தரையில் என்ன போடப் போகிறீர்கள் என்பவை எல்லாம் படிக் கணக்கோடு கட்டுப்பட்டவை. அந்தக் கணக்கை முதலில் போட்டால் மற்றதெல்லாம் ஒழுங்காக வந்து அமரும். கடைசியில் போட்டால், மிஞ்சிய இடத்துக்குள் மிஞ்சிய பலகையை வைத்துச் சமாளிப்பதுதான் நடக்கும்.

புதிய குடியிருப்புகளில் வீடு வாங்கியவர்களுக்குத் தெரியும். சமையலறையிலிருந்து பின்பக்கம் திறக்கும் கண்ணாடிக் கதவு இருக்கும். கதவுக்கு வெளியே ஒன்றும் இருக்காது. யாரும் தவறி விழக் கூடாதென்று கட்டியவர்கள் குறுக்கே ஒரு தடுப்பை அடித்துவிட்டுப் போயிருப்பார்கள். சாவி கைக்கு வந்த நாளிலிருந்து அந்தக் கதவைப் பார்த்துப் பார்த்தே டெக் ஆசை வளரும். அந்தக் கதவுக்கும் கீழே உள்ள புல்லுக்கும் நடுவே எத்தனை அங்குலம் என்பதுதான் நீங்கள் முதலில் அளக்க வேண்டியது.

ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன்? படியில் இறங்கும்போது யாரும் ஒவ்வொரு அடியையும் பார்த்து வைப்பதில்லை. முதல் இரண்டு படியில் கால் உயரத்தைப் பழகிக்கொள்ளும். மிச்சமும் அப்படியே இருக்கும் என்று நம்பி இறங்கும். நடுவில் ஒரு படி முக்கால் அங்குலம் கூடினாலும் கண்ணுக்குத் தெரியாது, காலுக்குத்தான் தெரியும். அதுவும் கையில் கறிச்சட்டியோடு இறங்குகிற ஆளுக்கு, விழுந்த பிறகுதான் தெரியும்.

ஒன்ராறியோக் கட்டட விதி இதை எண்ணில் சொல்கிறது. வீட்டுப் படியில் ஒரு படியின் ஏற்றம் 125 மில்லிமீற்றருக்குக் குறையவும் கூடாது, 200க்குக் கூடவும் கூடாது. ஒரு படியின் முன் விளிம்பிலிருந்து அடுத்ததன் முன் விளிம்பு வரை கிடையாக அளந்தால் 255க்கும் 355க்கும் இடையில் இருக்க வேண்டும். அடுத்தடுத்த இரண்டு படிகளின் ஏற்றம் 5 மி.மீ.க்கு மேல் வேறுபடக் கூடாது. முழு வரிசையிலும் ஆக உயர்ந்ததற்கும் ஆகத் தாழ்ந்ததற்கும் வித்தியாசம் 10 மி.மீ.க்குள் நிற்க வேண்டும். 5 மி.மீ. என்பது கால் அங்குலம்கூட இல்லை. கண்மட்டத்தில் வெட்டுகிற வேலை இல்லை இது.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். டெக்கின் மேற்பரப்பு தரையிலிருந்து 44 அங்குலம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஐந்து ஏற்றமாகப் பிரித்தால் ஒன்று 8.8 அங்குலம், அதாவது 223 மி.மீ. விதி இடம் கொடாது. முழங்காலும் இடம் கொடாது. ஆறாகப் பிரித்தால் ஒன்று 7⅓ அங்குலம், 186 மி.மீ. நல்ல உயரம். ஆறு ஏற்றத்துக்கு ஐந்து மிதிபலகை போதும். ஆறாவது அடி டெக்கிலேயே விழும். ஒவ்வொரு மிதிக்கும் 10½ அங்குலம் விட்டால் படி வளவுக்குள் 52½ அங்குலம், நாலரை அடிக்குக் கிட்ட, நீண்டு வரும். அந்த நாலரை அடி எங்கே போய் முடிகிறது? மழைநீர் ஓடுவதற்கென்று வேலியோரம் விட்டிருக்கும் சரிவுக்குள்ளா? காஸ் மீற்றருக்கு முன்னாலா? அடித்தள யன்னலை மறைத்துக்கொண்டா? பலகையின் நிறத்தைத் தெரிவுசெய்ய முதல் இதைக் காகிதத்தில் கீறிப் பாருங்கள். சின்ன வளவென்றால் படியை வீட்டுச் சுவரோடு ஒட்டித் திருப்பலாம், அல்லது நடுவில் ஒரு தட்டு வைத்து மடக்கலாம். டெக்கைக் கட்டி முடித்த பிறகு திருப்ப முடியாது.

சரி, அந்த 44 அங்குலத்தை எங்கே வைத்து அளந்தீர்கள்? சுவரோரத்தில் என்றால் பிழை. தண்ணீர் வீட்டை விட்டு விலகி ஓட வேண்டும் என்று தரையைச் சரித்துத்தான் விட்டிருப்பார்கள். நூற்றுக்கு இரண்டு என்ற சாதாரணச் சரிவிலேயே நாலரை அடிக்கு அப்பால் தரை ஓர் அங்குலம் இறங்கிவிடும். நீளமான, வளையாத பலகை ஒன்றை டெக் உயரத்தில் கிடத்தி வெளியே நீட்டுங்கள். ரசமட்டம் வைத்து நேராக்கி, கடைசிப் படி தரையைத் தொடுகிற இடத்துக்கு மேலே நின்று கீழ்நோக்கி அளந்து பாருங்கள். வருகிற எண்தான் கணக்குக்குரிய எண்.

இதைவிட அடிக்கடி நான் பார்க்கும் பிழை ஒன்று உண்டு. படியைத் தாங்கும் சாய்ந்த மரத்தை நாங்கள் ஸ்ட்ரிங்கர் என்போம். மூலைமட்டத்தை வைத்து அதில் 7⅓ அங்குலம், 10½ அங்குலம் என்று பல்லுப்பல்லாகக் கீறி வெட்டுவோம். எல்லாப் பல்லும் சமமாக இருந்தால் படியும் சமமாக இருக்கும் என்றுதான் தோன்றும். இருக்காது. வெட்டிய பல்லின் மேல் ஓர் அங்குலத் தடிப்பில் மிதிபலகை வரும். அடிப் படி தரையிலிருந்து 8⅓ அங்குலமாக உயர்ந்துவிடும். மேலே கடைசி ஏற்றம் 6⅓ ஆகச் சுருங்கிவிடும். நடுவில் நான்கும் ஒழுங்கு, இரண்டு நுனியும் பிழை. அடிப் படி 212 மி.மீ.; அது ஒன்றே விதியைத் தாண்டிவிட்டது. தீர்வு மிகச் சுலபம்: ஸ்ட்ரிங்கரின் அடியில் மிதிபலகையின் தடிப்பளவை வெட்டிக் கழிக்க வேண்டும். நிமிட வேலை. அவசரத்தில் விடுபடுவதும் அதுதான்.

சரியாகக் கட்டிய படியும் பிறகு பிழைத்துப்போவது உண்டு. முதல் வருடம் டெக் போடுவோம். அடுத்த வருடம் கீழே இன்டர்லொக் கல் பதிப்போம். கல்லும் அதன் கீழ் நிரப்பும் சரளையுமாகத் தரை இரண்டு மூன்று அங்குலம் உயரும். அடிப் படி அந்த அளவுக்குக் குட்டையாகும். இறங்கி வருகிறவர் தரை இன்னும் கீழே இருக்கிறதென்று காலை வீச, தரை முன்கூட்டியே வந்து இடிக்கும். சில வீடுகளில் மேலேயும் இதே கதை. பழைய பலகையைக் கழற்றாமல் அதன் மேலேயே புதுப் பலகை அடிப்பார்கள். படியைத் தொட மாட்டார்கள். கடைசி ஏற்றம் ஓர் அங்குலம் கூடிவிடும். ஆகவே கல் பதிக்கும் எண்ணம் இருந்தால் அதை இப்போதே சொல்லுங்கள். முடிந்த தரை எந்த உயரத்தில் நிற்கும் என்று தெரிந்தால்தான் படியை வெட்டலாம். படியிலிருந்து தொடங்குங்கள் என்று நான் சொல்வதற்கு இது ஒன்றே போதிய காரணம்.

இனி மரம். ஸ்ட்ரிங்கருக்கு இரண்டுக்குப் பத்தா, இரண்டுக்குப் பன்னிரண்டா என்று கேட்டால், மலிவு என்று பத்தைச் சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். கடையில் இரண்டுக்குப் பத்து என்று விற்கும் மரத்தின் உண்மையான அகலம் 9¼ அங்குலம். நாம் போட்ட கணக்கின்படி பல்லு வெட்டினால் சாய்மரத்தில் 6 அங்குலம் உள்ளே போய்விடும். வெட்டுக்குக் கீழே மிஞ்சுவது 3¼ அங்குலம், சுமார் 82 மி.மீ. விதி கேட்பது குறைந்தது 90 மி.மீ. இரண்டுக்குப் பன்னிரண்டில் 11¼ அங்குலம் இருக்கும். வெட்டின பிறகும் 5¼ அங்குலம் மிஞ்சும். படியின் முழுப் பாரமும் அந்த மிச்சத்தில்தான் நிற்கிறது. அதோடு, வெட்டின மூலையைக் கிட்ட நின்று பாருங்கள். வட்டவாளை மூலை வரைக்கும் ஓட்டினால் அதன் வளைந்த பல் கீறின கோட்டைத் தாண்டி உள்ளே போய், மூலையில் ஒரு சிறு கீற்று விழும். அந்தக் கீற்றுக்குள் தண்ணீர் போகும், குளிரில் உறையும், மரம் அங்கிருந்தே வெடிக்கத் தொடங்கும். தெரிந்தவர்கள் வட்டவாளை மூலைக்கு முன்னமே நிறுத்தி மிச்சத்தைக் கைவாளால் முடிப்பார்கள். ஒரு படி வேலையைப் பார்க்கப் போனால் நான் முதலில் குனிந்து பார்ப்பது இந்த மூலையைத்தான்.

எத்தனை ஸ்ட்ரிங்கர் என்பதிலும் கஞ்சத்தனம் வேண்டாம். நான்கு அடி அகலப் படிக்கு ஓர் அங்குலத் தடிப்புப் பலகை என்றால் நான்கு போடுங்கள். இடைவெளி 16 அங்குலத்துக்குள் நிற்கும். மூன்று போட்டாலும் விதி தடுக்காது, ஆனால் தடித்த ஆள் ஏறினால் பலகை நெளிவது காலுக்குத் தெரியும். கொம்போசிற் பலகை இன்னும் நெளியும். படிக்குப் போடும்போது பல வகைகளுக்கு 12 அங்குலமோ அதற்குக் குறைவோதான் இடைவெளி இருக்கலாம் என்று தயாரித்தவர்களே எழுதி வைத்திருப்பார்கள். அதைப் படிக்காமல் அடித்தால் உத்தரவாதமும் இல்லை.

இனி மேல்நுனி. ஸ்ட்ரிங்கரை டெக்கின் விளிம்பு மரத்தோடு பிணைக்க வேண்டும். இங்கே ஒரு வில்லங்கம் இருக்கிறது. விளிம்பு மரம் 9¼ அங்குலம், அதற்கு மேல் பலகை ஓர் அங்குலம். ஆக, டெக் மேற்பரப்பிலிருந்து 10¼ அங்குலம் கீழே விளிம்பு மரம் முடிந்துவிடும். ஸ்ட்ரிங்கரின் மேல்நுனியோ 8⅓ அங்குலம் கீழேதான் தொடங்கும். இரண்டும் முகத்துக்கு முகம் பொருந்துவது இரண்டு அங்குலம்கூட இல்லை. அந்த இரண்டு அங்குலத்தில் நான்கு திருகாணியைச் சரித்து இறுக்கிவிட்டுப் போகிறவர்கள் உண்டு. படி டெக்கிலிருந்து கழன்று விழுவது அங்கேதான். விளிம்பு மரத்துக்குக் கீழே இன்னொரு மரத்தை உறுதியாகப் பொருத்தி, ஸ்ட்ரிங்கரின் முழு முகமும் பதிகிற மாதிரிச் செய்து, அதற்கென்றே விற்கும் இரும்புத் தாங்கியால் பிணைக்க வேண்டும். தாங்கிக்கு அதற்குரிய ஆணிதான். பலகை அடிக்கிற சாதாரண டெக் திருகாணி அந்தப் பாரத்துக்கு முறிந்துவிடும்.

கீழ்நுனியில் எதிரி குளிர். ரொறன்ரோவில் அத்திவாரம் 4 அடி ஆழம் போக வேண்டும் என்பது மண் உறையும் ஆழத்தை வைத்துச் சொன்னது. டெக்கின் தூண்களுக்கு எல்லோரும் அதைச் செய்வார்கள்; படி என்று வந்ததும் புல்லில் இரண்டு கல்லைப் போட்டு அதன் மேல் இருத்திவிடுவார்கள். மாசியில் ஈரக் களிமண் உறைந்து வீங்கும்போது தூண் அசையாது, கல் எழும்பும். படியின் அடி மேலே தூக்குப்படும். மேல்நுனிப் பிணைப்பு திருகுப்படும். உயரமான படிக்குத் தூண்களைப் போலவே அடியிலும் கொங்கிறீற் குழாய் இறக்குவதுதான் நல்லது. தோண்டுவதற்கு முன் ஒன்ராறியோ வன் கோலுக்கு அறிவியுங்கள். நிலத்துக்குக் கீழே காஸ், மின்சாரம், கேபிள் எங்கே ஓடுகிறதென்று வந்து அடையாளம் போட்டுவிட்டுப் போவார்கள். வீட்டுக்காரருக்கு அது இலவசம். சில நாட்கள் எடுக்கும், அதனால் முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

மருந்தூட்டிய மரம் உக்காது என்று ஒரு நம்பிக்கை இருக்கிறது. மருந்து மரத்தின் மேல்தோலில்தான் ஊறியிருக்கும். நடுவுக்கு அவ்வளவாகப் போகாது. ஸ்ட்ரிங்கரில் ஒவ்வொரு பல்லு வெட்டும்போதும் அந்த மருந்தில்லாத நடுமரத்தைத்தான் மழைக்குத் திறந்து விடுகிறோம். வெட்டின முகம் ஒவ்வொன்றுக்கும், அடியில் வெட்டின முகத்துக்கு இரண்டு தரமும், அதற்கென்று தகரத்தில் விற்கும் மருந்தைப் பூச வேண்டும். இப்போதைய மருந்துகளில் செம்பு இருக்கிறது. அது வெறும் இரும்பைத் தின்னும். துத்தநாகத்தில் தோய்த்த ஆணி, அல்லது ஸ்டெயின்லெஸ். மற்றதெல்லாம் கறள் பிடித்துத் தலை கழன்றுவிடும்.

பழைய டெக்கை உடைக்கிறவர்களுக்குத் தனியாக ஒரு சொல். 2003 முடிவு வரைக்கும் வீட்டு மரங்களுக்கு ஏற்றிய மருந்தில் ஆர்சனிக் இருந்தது. அந்தக் காலத்துப் பலகைகளை உடைத்து, வீணாக்கக் கூடாதென்று கத்தரிக்கும் மிளகாய்க்கும் பாத்தி கட்டுகிற வழக்கம் எங்கள் வளவுகளில் உண்டு. தயவுசெய்து வேண்டாம். எரிக்கவும் வேண்டாம். அறுத்தால் முகமூடி போடுங்கள். பிறகு, நகரசபை சொல்கிற இடத்தில் கொண்டுபோய்க் கொடுத்துவிடுங்கள்.

கைபிடிக்கு வருவோம். மூன்று ஏற்றத்துக்கு உட்பட்ட வெளிப்படிக்கு விதி கைபிடி கேட்பதில்லை. உங்கள் வீட்டுக்கு வருகிற அம்மம்மா கேட்பார். சேலையின் கொய்யகத்தை ஒரு கையால் தூக்கிக்கொண்டு, பாட்டா செருப்போடு இறங்குகிறவருக்கு இரண்டு படியும் ஒரு மலைதான். மறு கைக்கு ஏதாவது இருக்க வேண்டும். அது சுற்றிப் பிடிக்கிற மாதிரியும் இருக்க வேண்டும். தடுப்பின் மேல் படுக்கவைத்த அகலப் பலகை தேநீர்க் கோப்பை வைக்க நல்லது. வழுக்குகிற கணத்தில் அதை யாராலும் பற்ற முடியாது. உருண்டையான ஒன்றரை அங்குலக் கைபிடியைப் பக்கத்தில் தனியாகப் பூட்டுங்கள். டெக் தரையிலிருந்து 600 மி.மீ.க்கு மேல் உயர்ந்தால் சுற்றிலும் தடுப்புக் கட்டாயம். டெக் 1800 மி.மீ. உயரம் வரைக்கும் தடுப்பு 900 மி.மீ. போதும்; அதற்கு மேலென்றால் 1070. கம்பிகளுக்கிடையே 100 மி.மீ. பந்து நுழையக் கூடாது. குழந்தையின் தலையை நினைத்து வைத்த அளவு அது.

கடைசியாக, நீங்கள் கேட்க விரும்பாத பேச்சு. ரொறன்ரோவில் 60 சென்ரிமீற்றருக்கு மேல் உயர்ந்த டெக்குக்குப் பெர்மிட் வேண்டும். மற்ற நகரசபைகளின் கணக்கை அங்கங்கே கேட்டறியுங்கள். "பெர்மிட் எடுத்தா வரி கூடும், நாள் இழுபடும், எங்கட ஆள்தானே செய்யிறார்" என்று காசாகப் பேசி முடிக்கிற வழக்கத்தை நான் நன்றாக அறிவேன். எங்கட ஆளிலேயே நல்ல தச்சர்கள் நிறைய இருக்கிறார்கள். பரிசோதகர் வருவதற்கு அவர்கள் பயப்படுவதில்லை. கொங்கிறீற் ஊற்ற முன்னர் ஒருவர் குழியின் ஆழத்தைப் பார்ப்பதும், முடிந்த படியில் நாடா பிடிப்பதும் உங்கள் காசுக்குக் கிடைக்கிற காவல். பெர்மிட் இல்லாத டெக் வீட்டை விற்கும்போது கேள்வியாக வந்து நிற்கும். யாராவது விழுந்தால் இன்னும் மோசம். வளவுக்குள் வருகிறவர்களின் பாதுகாப்பில் நியாயமான கவனம் எடுப்பது, ஒன்ராறியோச் சட்டப்படி, அங்கே இருப்பவரின் கடமை. காசை எண்ணி வாங்கிக்கொண்டு போனவரை அப்போது தேடிப் பிடிக்க முடியாது.

ஆகவே விலை கேட்கிற அன்றே இவற்றையும் கேளுங்கள். எத்தனை ஏற்றம், ஒன்று எத்தனை அங்குலம்? உயரத்தை எங்கே நின்று அளந்தீர்கள்? ஸ்ட்ரிங்கர் பன்னிரண்டா, எத்தனை? மேல்நுனியை எதில் பிணைக்கிறீர்கள்? அடியில் என்ன? வெட்டின முகத்துக்கு மருந்து யார் பூசுவது? வேலை தெரிந்தவர் மகிழ்ந்து போய்ப் பென்சிலை எடுத்துக் கீறிக் காட்டுவார். "அதெல்லாம் பார்த்துச் செய்யலாம்" என்று சொல்கிறவரைத் தேநீர் கொடுத்து அனுப்பிவிடுங்கள்.

டெக் ஏற்கெனவே இருக்கிறவர்களுக்கும் ஒரு வேலை உண்டு. இந்தச் சனிக்கிழமை அளவுநாடாவை எடுத்துக்கொண்டு போய் அடியிலிருந்து மேல் வரைக்கும் ஒவ்வொரு ஏற்றத்தையும் அளந்து எழுதுங்கள். எண்கள் ஒத்துவந்தால் நல்லது. ஒன்று மட்டும் அரை அங்குலம் தள்ளி நின்றால் இந்த வருட விருந்துக்கு முதல் அதைத் திருத்துங்கள். கேக்குக்கு ஓடர் பிறகு கொடுக்கலாம்.

அன்புடன்,
உங்களூர்த் தச்சன் ஒருவன்
ஸ்காபரோ